உத்தரவுப்படி ஒரு மன்னிப்பு

மன்னிப்புக் கேட்கப் போன இடத்தில் எஸ்.ஐ. கதவை உதைத்துவிட்டார்.

வேண்டுமென்று செய்யவில்லை. மாடிப்படி முடிந்த இடத்தில் மூடிய கதவு ஒன்று நின்றது. மூடிய கதவைக் கண்டால் கை தட்டலாமா என்று யோசிப்பதற்குள் கால் முந்திக்கொள்ளும்; சர்வீஸ் முழுக்க அப்படிப் பழகிய கால். தாழ்ப்பாள் தெறித்து உள்ளே எங்கேயோ போய் விழுந்தது. ஒரு கால் உள்ளே, ஒரு கால் வெளியே என்று நின்ற எஸ்.ஐ., வழிநெடுக மனப்பாடம் செய்துவந்த மன்னிப்பைச் சொல்ல வாயைத் திறந்தார்.

"யாரும் அசையக் கூடாது" என்றது வாய்.

யாரும் அசையவில்லை. ஜன்னலோர மேஜையில் உட்கார்ந்திருந்த ஒல்லியான மனிதர், கையில் ஒரு பல்செட்டைப் பிடித்தபடியே சிலையாகிவிட்டார். அவர் மனைவி ஈரத்துணியைப் பிழிந்தது பிழிந்தபடி நின்றாள். அலமாரியில் வரிசை வரிசையாக அடுக்கியிருந்த பற்கள் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தன. பல் டாக்டர்கள் அனுப்பும் அச்சை வைத்துப் பல்செட் செய்து கொடுப்பது அவருடைய தொழில்.

பின்னால் மூச்சு வாங்க ஏறிவந்த ஏட்டு, அலமாரியைப் பார்த்ததும் எஸ்.ஐ.யின் காதருகே குனிந்தார். "ஐயா, மன்னிப்பை அப்புறம் பாத்துக்கலாம். இத்தனை பேரோட பல்லு இந்தாளு கையில எப்படி வந்துச்சுன்னு மொதல்ல கேளுங்க."

எஸ்.ஐ. அவரை ஒரு பார்வை பார்த்தார். ஏட்டு ஒரு படி கீழே இறங்கி நின்றுகொண்டார்.

விஷயம் இதுதான். சில வருஷங்களுக்கு முன்னால் எஸ்.ஐ. ரோட்டில் ஒரு ஆளை நிறுத்தினார். அந்த ஆள் "எதுக்கு?" என்று கேட்டார். அதைத் தவிர வேறு குற்றம் எதுவும் செய்யவில்லை. ஆனால் எஸ்.ஐ.க்கு அந்தக் கேள்வியே ஆகாது. சரியான பதில் கைவசம் இருந்தால் கோபம் ஏன் வரப்போகிறது? ஆளைத் தூக்கி லாக்கப்பில் போட்டார், மறுநாள் கேஸ் ஏதும் இல்லாமல் வெளியே விட்டார், அதோடு மறந்தும் போனார். அந்த ஆள் மறக்கவில்லை. போலீஸ் மீதான புகார்களை விசாரிக்கும் ஆணையத்துக்கு எழுதிப் போட்டார். அடிமேல் அடி வைத்தால் அம்மியும் நகரும் என்பார்கள். ஆணையம் அம்மியைவிட நிதானம். நகர்ந்து நகர்ந்து இப்போதுதான் தீர்ப்புச் சொல்லியிருந்தது: கைது சட்டவிரோதம். சம்பந்தப்பட்ட அதிகாரி மனுதாரர் வீட்டுக்கு நேரில் போய், அக்கம்பக்கத்தார் முன்னிலையில், மனுதாரருக்குத் திருப்தி ஏற்படும்படி மன்னிப்புக் கேட்க வேண்டும். மாத முடிவுக்குள் கேட்காவிட்டால் சஸ்பெண்டு.

எஸ்.ஐ. ஓய்வு பெற இன்னும் கொஞ்ச காலம்தான். கைகுலுக்கி வழியனுப்ப வேண்டிய ஆளைக் கழுத்தைப் பிடித்து வெளியே தள்ளினால், மிச்ச வாழ்நாள் முழுக்க மனைவியின் அண்ணன்கள் முகத்தில் எப்படி விழிப்பது?

உத்தரவின் நகலில் ஒரு விசேஷம் இருந்தது. போலீஸ்காரர்கள் பழிவாங்கிவிடக் கூடாதே என்ற முன்ஜாக்கிரதையில் மனுதாரரின் பெயரைக் கறுப்பு மை தடவி அழித்திருந்தார்கள். முகவரியை மட்டும் பளிச்சென்று விட்டிருந்தார்கள். போய் மன்னிப்புக் கேட்க வேண்டுமே.

முகமாவது ஞாபகம் இருந்ததா என்றால் அதுவும் இல்லை. பஸ் கண்டக்டருக்கு டிக்கெட் வாங்கியவன் முகமா நினைவிருக்கும்?

இதற்குள் மாடிப்படி நிறைய ஆட்கள் கூடிவிட்டார்கள். கீழ்வீட்டில் குடியிருக்கும் வீட்டுக்காரர் முதல் படியிலும், எதிர்க்கடைக்காரர் தராசைக்கூட மறந்துவிட்டுக் கடைசிப் படியிலும் நின்றார்கள். அக்கம்பக்கத்தார் முன்னிலை என்று உத்தரவு கேட்டது இதைத்தான். ஆனால் பெயர்ந்து தொங்கும் கதவின் பக்கத்தில் நின்றுகொண்டு எந்த முகத்தோடு மன்னிப்புக் கேட்பது? 'மன்' வரைக்கும் வந்த வார்த்தை தொண்டையில் சிக்கிக்கொண்டது. எஸ்.ஐ. தொப்பியைச் சரி செய்துகொண்டு, விசாரணை முடிந்தது, எல்லாரும் போகலாம் என்று அறிவித்துவிட்டு இறங்கிப் போய்விட்டார்.

என்ன விசாரணை என்று தெரு அன்று சாயங்காலம் வரைக்கும் விசாரித்தது.

கதவைச் சரி செய்து கொடுத்துவிடுவதுதான் மரியாதை என்று மறுநாள் ஒரு தச்சரை அனுப்பினார். தச்சர் வேறு வேலை வந்தால் நழுவிவிடுகிற பேர்வழி. ஆகவே காவலுக்கு ஏட்டையும் கூட அனுப்பினார். போலீஸ் துணையோடு ஒருவன் கதவில் ஆணி அடிப்பதைக் கண்ட எதிர்க்கடைக்காரர், மாடி வீட்டுக்கு சீல் வைக்கிறார்கள் என்று வந்த வாடிக்கையாளர் எல்லாருக்கும் சாமானோடு சேர்த்துப் பொட்டலம் கட்டிக் கொடுத்தார்.

வீட்டுக்கு வந்து எஸ்.ஐ. தலையில் கை வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். அவர் மனைவி முழுக்கதையையும் கேட்டாள். சிரிக்கவில்லை. அது இன்னும் கஷ்டமாக இருந்தது.

"அந்த வார்த்தை இந்த வீட்டு வாசப்படியே மிதிச்சதில்லை. திடீர்னு ஊரான் வீட்ல போய் எப்படி வரும்?" என்றாள். "இங்க சொல்லிப் பழகுங்க. என்கிட்ட கேளுங்க."

"உன்கிட்ட எதுக்கு?"

"எதுக்கா? எங்கிருந்து ஆரம்பிக்கட்டும்?"

எஸ்.ஐ. அவசரமாக, ஆரம்பிக்க வேண்டாம், மொத்தமாகவே கேட்டுவிடுகிறேன் என்றார். நாற்காலியை விட்டு எழுந்து நின்றார். தொண்டையைச் செருமினார். "நடந்தது நடந்துபோச்சு" என்றார்.

"இது செய்தி. மன்னிப்பு இல்ல."

"ஏதாவது தப்பு நடந்திருந்தா—"

"'நடந்திருந்தா' என்னத்துக்கு? நடந்ததுன்னு எழுதித்தானே அனுப்பியிருக்காங்க."

"சரி. வருத்தம் தெரிவிச்சுக்கறேன்."

"செத்த வீட்டுக்கா வந்திருக்கீங்க?"

அன்று எஸ்.ஐ. அந்த வார்த்தையைச் சுற்றிச் சுற்றி வந்தார்; உள்ளே மட்டும் போக முடியவில்லை. கடைசியில் மனைவியே அலுத்துப்போய், வாய்தான் வரவில்லை, மற்றதையாவது ஒழுங்காகச் செய்யுங்கள் என்று யோசனை சொன்னாள். யூனிஃபார்ம் வேண்டாம். ஜீப் வேண்டாம். சாதாரணச் சட்டையில், கையில் பழத்தோடு, மனுஷன் மாதிரி நடந்து போங்கள்.

நடந்துதான் போனார். பல்செட்காரர் செட்டுகளைக் கொடுத்துவர டாக்டர்களிடம் போயிருந்தார். வரும்வரை நிற்கலாம் என்று எஸ்.ஐ. எதிர்க்கடை ஓரமாக நின்றார். நிற்பது என்றால் சாதாரணமாக நிற்க வரவில்லை. சுவரோடு சாய்ந்து, பாதி முகத்தைப் பழப்பையால் மறைத்துக்கொண்டு, மாடி ஜன்னலையே பார்த்தபடி நின்றார். இதுவும் பழக்கம்தான்.

எதிர்க்கடைக்காரர் தெரிந்தும் தெரியாதது போல ஒரு ஸ்டூலை நகர்த்திப் போட்டு, "மஃப்டியா சார்?" என்று மெதுவாகக் கேட்டார்.

இல்லை, சும்மாதான் வந்தேன் என்றார் எஸ்.ஐ. போலீஸ்காரர் ஒருவர் சும்மா வந்தேன் என்று சொன்னால் அதை நம்புகிற ஜாதி உலகத்தில் எங்கேயும் இல்லை. பல்செட்காரர் தெருமுனை திரும்புவதற்குள் அவர் கண்காணிப்பில் இருக்கும் செய்தி அவரைத் தாண்டி டாக்டர்கள்வரை போய்விட்டது. இரண்டு டாக்டர்கள் கொடுத்த அச்சைத் திருப்பிக் கேட்டு ஆள் அனுப்பினார்கள். வீட்டுக்காரர் மாடியேறி வந்து, தனக்கு ஒரு விரோதமும் இல்லை, ஆனால் வேறு இடம் பார்த்துக்கொண்டால் நல்லது என்று சொல்லிவிட்டுப் போனார்.

மாடியேறிப் போன எஸ்.ஐ.யிடம், புதுத் தாழ்ப்பாள் போட்ட கதவை விரல் இடுக்கு மட்டும் திறந்து பல்செட்காரரின் மனைவி இதையெல்லாம் சொன்னாள். கோபமில்லை, கண்ணீருமில்லை. மழை வரும்போல இருக்கிறது என்று சொல்கிற குரல். எஸ்.ஐ.க்கு அந்தக் குரல் நெஞ்சில் எங்கேயோ இடித்தது. பழப்பையை இடுக்கு வழியாக நீட்டிப் பார்த்தார். பை பெரிது, இடுக்கு சிறிது. வாசலிலேயே வைத்துவிட்டு நேரே வீட்டுக்காரரிடம் இறங்கிப் போனார்.

மாடி வீட்டில் இருப்பவர் தங்கமான மனிதர், அதற்கு நானே பொறுப்பு என்றார். போலீஸ் அவரைப் பற்றி இவ்வளவு உயர்வாக நினைக்கிறது என்று ஸ்டேஷனைச் சாட்சிக்கு இழுத்தார். வீட்டுக்காரர் தலையை ஆட்டி ஆட்டிக் கேட்டுக்கொண்டார்.

"இப்ப புரியுது சார். போலீஸே வந்து நல்லவன்னு சொல்றாங்கன்னா, ஆளு உங்களுக்குத் தகவல் குடுக்கிறவரு. அப்ப நாங்கல்லாம் ஜாக்கிரதையா இருக்கணும்."

அன்றிலிருந்து தெருவில் யாரும் பல்செட்காரரிடம் பேசவில்லை. அவர் மனைவி கடைக்குப் போனால், அதுவரை ஓடிக்கொண்டிருந்த பேச்சு சட்டென்று விலைவாசிக்கு மாறியது.

கிணறு வெட்டப் பூதம் புறப்பட்ட கதையாக ஒவ்வொரு தடவையும் ஏதோ ஒன்று புறப்படுகிறது, அந்தத் தெருப் பக்கமே இனிப் போகக் கூடாது என்று எஸ்.ஐ. முடிவு செய்தார். பதிலாக அவரை இங்கே அழைத்துவந்து, உட்காரவைத்து, டீ கொடுத்து, ஸ்டேஷன் முழுவதையும் நிற்கவைத்து மன்னிப்புக் கேட்டால் என்ன? அக்கம்பக்கத்தாருக்குப் பிறகு பார்த்துக்கொள்ளலாம். மரியாதையாகக் கூட்டிக்கொண்டு வா என்று ஏட்டை அனுப்பினார். 'மரியாதையாக' என்பதை அழுத்திச் சொன்னார். அதுதான் வினையாயிற்று. அந்த வார்த்தையைப் போலீஸ்காரர்கள் எப்போதெல்லாம் சொல்வார்கள் என்று அவர் யோசிக்கவில்லை.

எஸ்.ஐ. டீக்கு நல்ல கோப்பை தேடிப் பிடித்துக்கொண்டு திரும்பியபோது பல்செட்காரர் லாக்கப்புக்குள் இருந்தார்.

"என்னய்யா இது?" என்றார் எஸ்.ஐ.

ஏட்டு விளக்கினார். வெளியே இருக்கும் நாற்காலிக்குக் கால் ஆடுகிறது. பெஞ்சில் புகார் கொடுக்க வந்தவர்கள். ஃபேன் நன்றாகச் சுற்றுவது லாக்கப்பில்தான். விருந்தாளியாயிற்றே என்று அங்கே உட்காரவைத்தது.

"பூட்டு எதுக்குய்யா போட்டே?"

"பூட்டலீங்க ஐயா. கதவு காத்துல அடிச்சுக்கிட்டிருந்துச்சு. சாத்தினேன். கை பழக்கத்துல..."

எஸ்.ஐ. ஏட்டைத் திட்ட வாயெடுத்தார். தன் காலை ஒரு தடவை குனிந்து பார்த்தார். திட்டவில்லை. அவரே சாவியை வாங்கித் திறந்தார். பல்செட்காரர் எழுந்து நின்றார். முழங்கையில் ஒட்டிய தூசியைத் தட்டிவிட்டுக்கொண்டார்.

"பரவாயில்லீங்க," என்றார் சாந்தமாக. "தெரிஞ்ச இடம்தானே."

அன்று எஸ்.ஐ. சாப்பிடவில்லை.

மறுநாள் மேலதிகாரி போனில் கூப்பிட்டார். மன்னிப்புக் கேட்கச் சொன்னால் அதே ஆளை இன்னொரு தடவை உள்ளே வைத்திருக்கிறீராமே என்று கேட்டார். ஆணையத்துக்கும் செய்தி போய்விட்டது. கெடுவின் கடைசி நாளில் அங்கிருந்தே ஓர் அம்மா நேரில் வந்து பார்ப்பார்; அன்றைக்கு முடியவில்லை என்றால் யூனிஃபார்மைக் கழற்றி மடித்து வைத்துவிட வேண்டியதுதான்.

அந்த நாளும் வந்தது. ஆணையத்து அம்மா குடையும் கோப்புமாக வந்து வாசலில் நின்றார். வீட்டுக்காரர், எதிர்க்கடைக்காரர், இரண்டு டாக்டர்கள், பேசாமல் இருந்த தெரு எல்லாம் கூடிவிட்டது. எஸ்.ஐ.யின் மனைவிகூட, வரவில்லை என்று சொல்லிவிட்டு, கூட்டத்தின் கடைசியில் வந்து நின்றாள். மாடியிலிருந்து பல்செட்காரரும் அவர் மனைவியும் இறங்கி வந்தார்கள். பல்செட்காரர் துவைத்த சட்டை போட்டிருந்தார்.

எஸ்.ஐ. எழுதி வைத்திருந்த தாளை எடுத்தார். ஸ்டேஷனில் எல்லாருமாகச் சேர்ந்து எழுதிக் கொடுத்தது. 'மேற்படி சம்பவ தினத்தன்று' என்று ஆரம்பித்தது. இரண்டு வரி படித்தார். கொட்டாவியை அடக்கிக்கொண்டு நின்ற எதிர்க்கடைக்காரரைப் பார்த்தார். தன் எதிரில் நின்ற மனிதரைப் பார்த்தார். தாளை மடித்துப் பையில் வைத்துக்கொண்டார். தொப்பியையும் கழற்றினார். கழற்றியதும் வழுக்கை தெரிந்தது. ஆள் சட்டென்று யாரோ ஒருவர் மாதிரி ஆகிவிட்டார்.

"இதோ பாருங்க," என்றார். "எனக்கு உங்க முகம் ஞாபகம் இல்லை. நான் பண்ணின தப்புலயே அதுதான் பெரிய தப்புன்னு இப்பத் தோணுது. எதுக்குன்னு கேட்டீங்க. கேட்க வேண்டிய கேள்விதான். என்கிட்ட பதில் இல்லை. பதில் இல்லாததை மறைக்கத்தான் உங்களை உள்ள போட்டேன். அன்னிக்கு வீட்ல உங்களை எப்படித் தேடியிருப்பாங்கன்னு நான் நினைக்கவே இல்லை. நான் நிம்மதியாப் போய்த் தூங்கினேன். நீங்க எந்தத் தப்பும் பண்ணலை. தெருவுல இருக்கறவங்க எல்லாரும் கேட்டுக்கங்க, இவர் எந்தத் தப்பும் பண்ணலை. நான்தான் பண்ணினேன். என்னை மன்னிச்சுடுங்க."

வார்த்தை வந்துவிட்டது. வந்த பிறகுதான் எஸ்.ஐ.க்கே தெரிந்தது. கூட்டத்தின் கடைசியில் அவர் மனைவி முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டாள்.

பல்செட்காரரின் கீழுதடு நடுங்கியது. ஊரில் பாதிப்பேர் வாயைச் சரி செய்தவருக்குத் தன் வாயைச் சரி செய்துகொள்ள முடியவில்லை. பிறகு இரண்டு கைகளாலும் எஸ்.ஐ.யின் கையைப் பிடித்துக்கொண்டார். ஆணையத்து அம்மா, உங்களுக்குத் திருப்திதானா, வற்புறுத்தல் ஏதும் இல்லையே என்று கேட்டார்.

"திருப்திங்க," என்றார் பல்செட்காரர். "ரொம்பத் திருப்தி."

ஆணையத்து அம்மா கோப்பில் அதைக் குறித்துக்கொண்டார். அவரிடம் இருந்ததும் பெயருக்குக் கறுப்பு மை தடவிய நகல்தான். பாதுகாப்பு என்றால் எல்லாரிடமிருந்தும் பாதுகாப்பு. குடையை விரித்துக்கொண்டு அவர் போய்விட்டார்.

தெரு மௌனம் கலைந்து கலகலவென்று பேச ஆரம்பித்தது. வீட்டுக்காரர் பல்செட்காரரின் தோளில் கை போட்டு, காலி பண்ணும் பேச்சை நான் பேசவே இல்லை என்று சாதித்தார். டாக்டர்கள் அச்சுகளை அங்கேயே கையில் திணித்தார்கள். தனக்கு முதல் நாளே சந்தேகம் இருந்தது, இவர் நல்லவராகத்தான் இருக்க வேண்டும் என்று எதிர்க்கடைக்காரர் கடையிலிருந்தபடியே அறிவித்தார்.

எல்லாம் சுபம். எஸ்.ஐ. போயிருக்கலாம். ஜீப்பும் காத்திருந்தது, மனைவியும் காத்திருந்தாள். ஆனால் அவருக்குக் கால் நகரவில்லை. உள்ளே ஏதோ ஒன்று இன்னும் உறுத்தியது. உத்தரவு போட்டதால் கேட்ட மன்னிப்பு, உத்தரவு போட்டதால் கொடுத்த திருப்தி. இதில் எது நிஜம்? வாழ்க்கையில் முதல் தடவையாகக் கேட்டது. அது போய்ச் சேர்ந்ததா என்று தெரியாமல் எப்படிப் போவது?

மாடிப்படி அடியில் பல்செட்காரரின் மனைவி தனியாக நின்றிருந்தாள். எஸ்.ஐ. தொப்பியைக் கையில் உருட்டிக்கொண்டே அவளிடம் போனார். முதல் தடவையாக மெதுவாகப் போனார்.

"அம்மா, ஆபீசுக்காக இல்லை, எனக்காகக் கேட்கறேன். நேராச் சொல்லுங்க. நிஜமாவே மனசார மன்னிச்சுட்டாரா?"

அவள் அவரை ஒரு நிமிஷம் ஏற இறங்கப் பார்த்தாள். மழை வரும்போல இருக்கிறது என்று சொல்கிற அதே குரலில் சொன்னாள்:

"மனசார மன்னிச்சுட்டாருங்க. ஆனா புகார் குடுத்தது எங்களுக்கு முன்னாடி இந்த வீட்ல குடியிருந்தவரு; இவரை நீங்க உள்ள போட்டது வேற ஒரு தடவைங்க."